சோசலிச நாட்டுக் கலை என்றால் சிவப்பும் முஷ்டியும் மட்டும்தானா?

கேள்வி இது: "சோவியத் காலத்து போஸ்டர், சிலை, கட்டடம் எதை எடுத்தாலும் சிவப்பு, தூக்கிய முஷ்டி, அகன்ற தோள், மிரட்டுகிற எழுத்து. எல்லாம் ஒரே ஆள் வரைந்தது போல இருக்கிறதே, ஏன்? அந்த ஆட்சிகளை அறவே பிடிக்காத டிசைனர்கள்கூட அந்தப் படங்களை மட்டும் ஏன் கொண்டாடுகிறார்கள்?"

இரண்டாவது பாதிக்கு அப்புறம் வருகிறேன். முதல் பாதியில் எனக்கு உடன்பாடில்லை. இணையத்தில் 'சோவியத் ஸ்டைல்' என்று தேடினால் வரும் படங்களில் ஒரு பகுதி 1920களில் வந்தவை: சாய்ந்த கோடு, வட்டம், முக்கோணம், வெட்டி ஒட்டிய புகைப்படம். இன்னொரு பகுதி 1930களின் நடுவிலிருந்து வந்தவை: கோதுமைக் கட்டோடு சிரிக்கும் பெண், குழந்தையைத் தூக்கி வைத்திருக்கும் ஸ்டாலின், எண்ணெய் வண்ண ஓவியத்தையே போஸ்டராக அடித்துவிட்ட மாதிரி. இவை அண்ணன் தம்பி அல்ல. பின்னது முன்னதைத் துரத்திவிட்டுத்தான் அந்த இடத்தில் உட்கார்ந்தது. அங்கிருந்து போலந்து, கியூபா, யூகோஸ்லாவியா என்று போனால் சிவப்பைத் தேட வேண்டிய அளவுக்கு வேறு வேறு முகங்கள்.

நான் ஸ்கிரீன் பிரிண்டிங் வேலை தெரிந்தவன். அதனால் ஒரு போஸ்டரைப் பார்த்ததும் இதன் கொள்கை என்ன என்று எனக்குத் தோன்றுவதில்லை. யார் இதற்கு ஓகே சொன்னார்கள், எதில் அச்சடித்தார்கள், இதை வைத்து எதையாவது விற்க வேண்டியிருந்ததா, இல்லையா? இந்த மூன்றும் தெரிந்துவிட்டால் அந்தப் படம் ஏன் அப்படி இருக்கிறது என்பதில் பெரும்பகுதி விளங்கிவிடும். மார்க்ஸ் என்ன எழுதினார் என்று பார்த்தால் விளங்காது, ஏனென்றால் போஸ்டர் எப்படி இருக்க வேண்டும் என்று அவர் எதுவும் எழுதிவைக்கவில்லை.

1919க்குப் போவோம். உள்நாட்டுப் போர் நடக்கிறது. மாஸ்கோவில் காகிதத்துக்குத் தட்டுப்பாடு, அச்சு இயந்திரங்கள் சரியாக ஓடுவதில்லை, விற்கச் சரக்கு இல்லாததால் கடைகளின் கண்ணாடி ஜன்னல்கள் காலி. ரோஸ்டா என்ற அரசுச் செய்தி நிறுவனம் அந்தக் காலி ஜன்னல்களிலேயே செய்திகளைப் படமாக வரைந்து மாட்ட ஆரம்பித்தது. மிகைல் செரெம்னிக் என்ற கார்ட்டூனிஸ்ட் தொடங்கிவைத்தார், கவிஞர் மாயாகோவ்ஸ்கி வந்து சேர்ந்துகொண்டு வசனமும் எழுதினார், படமும் போட்டார். முதலில் கையால் வரைந்த ஒற்றைப் பிரதி. பிறகு அட்டையில் ஸ்டென்சில் வெட்டி, கையாலேயே வண்ணம் தேய்த்து, நூறு நூற்றைம்பது என்று எடுத்து மற்ற ஊர்களுக்கும் அனுப்பினார்கள். ஸ்டென்சில் வெட்டிப் பார்த்தவர்களுக்குத் தெரியும், அதில் முகத்துக்கு நிழல் போட முடியாது, மெல்லிய கோடு நிற்காது, ஒரு வண்ணத்துக்கு ஒரு அட்டை. ஆகவே முதலாளி என்றால் ஒரு கருப்பு உருண்டையும் உயரத் தொப்பியும், தொழிலாளி என்றால் தலை முதல் கால் வரை ஒரே சிவப்பு. இன்று நாம் 'சோவியத் எளிமை' என்று வியக்கும் விஷயத்தில் பாதி அந்த அட்டையும் கத்தியும் கொடுத்தது. மீதியைக் கொடுத்தவை, கட்டம் கட்டமாகக் கதை சொல்லும் லுபோக் என்ற மலிவுப் படங்கள், ரஷ்யாவில் ஜார் காலத்திலிருந்தே வீட்டுச் சுவர்களில் தொங்கியவை. எழுதப் படிக்கத் தெரியாதவர்களுக்கும் அந்த முறை பழக்கமானது.

இதே சமயத்தில்தான் எல் லிஸிட்ஸ்கி என்ற ஓவியர், சிவப்பு முக்கோணம் (செம்படை) வெள்ளை வட்டத்தை (எதிர்ப்புரட்சிப் படை) குத்திக் கிழிக்கும் அந்தப் புகழ்பெற்ற போஸ்டரை வரைந்தார். எல்லா டிசைன் பாடநூல்களிலும் அதுதான் இருக்கும். நல்ல படம்தான், ஆனால் அதைப் பார்த்து ஒரு விவசாயி செம்படையில் சேர்ந்திருப்பாரா என்று எனக்குச் சந்தேகம். என்னைக் கேட்டால் அந்தக் காலத்தின் ஆகச் சிறந்த போஸ்டர் திமித்ரி மோர் 1921இல் வோல்கா பஞ்சத்துக்காகப் போட்டது. முழுக் கருப்பு. நடுவில் எலும்பும் தோலுமாக ஒரு கிழ விவசாயி இரண்டு கைகளையும் தூக்கிக்கொண்டு, ஓரமாக ஒடிந்த ஒரே ஒரு கதிர். கீழே 'உதவு' என்று ஒற்றைச் சொல். சிவப்பும் இல்லை, வெற்றியும் இல்லை.

அப்புறம் ஒரு வேடிக்கை. 1921இல் லெனின் புதிய பொருளாதாரக் கொள்கையைக் கொண்டுவந்து தனியார் வியாபாரத்தை ஓரளவு அனுமதித்தார். உடனே அரசுக் கடைகள் தனியாரோடு போட்டி போட வேண்டியதாகிவிட்டது. மாயாகோவ்ஸ்கியும் ரோத்சென்கோ என்ற வடிவமைப்பாளரும் சேர்ந்து அரசு நிறுவனங்களுக்கு விளம்பரம் செய்ய இறங்கினார்கள். பிஸ்கட், சிகரெட், ரப்பர் காலணி, குழந்தையின் ரப்பர் சூப்பான். அந்தச் சூப்பான் விளம்பரத்தில், இதைவிடச் சிறந்தது கிடையாது, கிழவனாகும் வரைக்கும் சப்பத் தயார் என்கிற மாதிரி இரண்டு வரி எழுதினார் புரட்சிக் கவிஞர். 'வேறெங்கும் கிடையாது, மொஸெல்ப்ரோமில் மட்டும்' என்ற அவருடைய வரி மாஸ்கோவில் அந்த நிறுவனக் கட்டடத்தின் சுவரிலேயே பெரிதாக எழுதப்பட்டது. அதாவது உலகம் 'கம்யூனிச கிராஃபிக்ஸ்' என்று கொண்டாடும் படங்களில் ஒரு கணிசமான பங்கு கடை விளம்பரம். மாயாகோவ்ஸ்கியின் காதலி லீலியா பிரிக் வாயருகே கையை வைத்துக் கூவுகிற அந்த 1924 போஸ்டர்கூட லெனின்கிராட் அரசுப் பதிப்பகத்தின் புத்தக விளம்பரம்தான்.

அந்தத் தடிமனான கருப்புப் பட்டைகளைக் கவனித்திருக்கிறீர்களா? எழுத்துக்கு மேலும் கீழும் பக்கத்திலும் செங்கல் வைத்தது போல ஓடும் பட்டைகள். ஈய எழுத்து கோர்த்த அச்சகங்களில் இருந்தவர்களுக்கு அது உடனே புரியும், எழுத்துப் பெட்டியில் கிடக்கும் 'ரூல்' என்ற கோட்டுப் பட்டை அது. கணக்குப் பட்டியலுக்கும் ரசீதுக்கும் கோடு போட வைத்திருந்த சாமானைத் தூக்கி நடுப்பக்கத்தில் வைத்தார்கள். சிவப்பும் கருப்பும் ஏன் என்றால், சிவப்பு புரட்சியின் நிறம் என்பது உண்மை, இரண்டு மை இரண்டு ஓட்டம் என்றால் செலவு குறைவு என்பதும் அதே அளவு உண்மை. வர்வாரா ஸ்தெப்பனோவாவும் லியுபோவ் பொப்போவாவும் 1923–24இல் மாஸ்கோ துணி ஆலை ஒன்றுக்குள் போய் வட்டமும் கோடுமாகச் சீட்டித் துணிக்கு டிசைன் போட்டதும் இந்தக் காலத்தில்தான். வரைந்ததில் கொஞ்சம்தான் துணியில் ஏறியது. மக்கள் பூப் போட்ட துணியைத்தான் கேட்டார்கள், ஆலை நிர்வாகமும் அதைத்தான் விரும்பியது. பொப்போவா 1924இலேயே காய்ச்சலில் இறந்துபோனார்.

சரி, இதெல்லாம் எப்படி முடிந்தது? 1932 ஏப்ரலில் கட்சி ஓர் ஆணை போட்டது: கலைஞர் குழுக்கள் அத்தனையும் கலைக்கப்படும், இனி ஒவ்வொரு துறைக்கும் ஒரே சங்கம். 1934இல் எழுத்தாளர் மாநாட்டில் 'சோசலிச யதார்த்தவாதம்', அதாவது சோசலிச வாழ்க்கையை எல்லோருக்கும் புரியும்படி நேரடியாகவும் நம்பிக்கையோடும் காட்ட வேண்டும் என்பது, அதிகாரபூர்வக் கொள்கை ஆனது. முன்பு ஒரு பதிப்பகமோ ஒரு கடையோ ஓகே சொன்னால் போதும், இப்போது ஒரே வாசல், அந்த வாசலில் நிற்பவருக்கும் மேலே ஒருவரைப் பார்த்துப் பயம். ஒரே மாதிரி இருக்கிறதே என்று நீங்கள் கேட்டது இந்தக் காலத்துக்கு ரொம்பச் சரியாகப் பொருந்தும். பயந்துபோன குழு எந்தப் படத்துக்குக் கையெழுத்துப் போடும்? ஏற்கெனவே யாரோ ஓகே சொன்ன படத்தைப் போலவே இருக்கும் இன்னொரு படத்துக்குத்தான்.

குஸ்தாவ் க்ளூட்சிஸ் என்று ஒரு லாத்வியர். புகைப்படங்களை வெட்டி ஒட்டிப் போஸ்டர் செய்வதில் அவரை மிஞ்ச ஆளில்லை. 1930இல் அவர் செய்த ஒன்றில் பெரிய உள்ளங்கை, அதற்குள் நூற்றுக்கணக்கான கைகள், எல்லாம் ஓட்டுப் போடத் தூக்கியவை. ஸ்டாலினை ஆள் உயரத்துக்கு மேல் தூக்கி நிறுத்தும் போஸ்டர்களையும் அவரே நிறையச் செய்தார், எதிர்ப்பாளர் ஒன்றும் அல்ல, முழு நம்பிக்கையாளர். 1938 ஜனவரியில் கைது, பிப்ரவரியில் சுட்டுக் கொன்றார்கள். அந்த வருடம் லாத்வியர்களைக் கூட்டம் கூட்டமாகப் பிடித்தார்கள், அவ்வளவுதான் குற்றம். அவர் மனைவி வலெந்தினா குலாகினாவும் போஸ்டர் கலைஞர்தான். கணவர் பின்னாளில் இதய நோயால் இறந்ததாக அவரிடம் பொய் சொல்லி வைத்தார்கள். ரோத்சென்கோ தப்பித்தார், ஆனால் எப்படி என்பதைப் பாருங்கள்: உஸ்பெகிஸ்தானின் பத்தாண்டு நிறைவுக்கு 1934இல் அவர் பிரமாதமாக வடிவமைத்த ஆல்பத்தில் படம் இருந்த தலைவர்கள் பின்னால் ஒவ்வொருவராகக் கொல்லப்பட, தன்னிடம் இருந்த சொந்தப் பிரதியிலேயே அந்த முகங்களின் மேல் கருப்பு மையை ஊற்றி அழித்து வைத்திருந்தார். அந்தப் பக்கங்கள் இன்று புகைப்படமாகக் கிடைக்கின்றன. சோவியத் டிசைன் பற்றிப் பேசும்போது நான் முதலில் காட்டுவது அவற்றைத்தான்.

ஸ்டாலின் காலத்தில் நல்லதே இல்லையா என்றால், இருக்கிறது. 1937 பாரிஸ் கண்காட்சிக்கு வேரா முகினா செய்த தொழிலாளியும் கூட்டுப்பண்ணைப் பெண்ணும் சிலை, சுமார் 24 மீட்டர் துருப்பிடிக்காத எஃகு, ஹிட்லர் ஜெர்மனியின் கூடத்துக்கு நேர் எதிரே சுத்தியலும் அரிவாளும் நீட்டிக்கொண்டு நின்றது. ஆடையும் துணியும் பின்னால் பறக்கிற விதத்தைப் பார்த்தால் எஃகுத் தகடு என்றே தோன்றாது. மாஸ்கோ மெட்ரோவும் அப்படித்தான். 1938இல் திறந்த மாயாகோவ்ஸ்கயா நிலையத்தில் அலெக்சாந்தர் தெய்னெகா கூரைக்காக வரைந்தது சோவியத் வானத்தின் ஒரு நாள்: விமானம், பாராசூட், பழுத்த மரக்கிளை, எல்லாம் கீழேயிருந்து அண்ணாந்து பார்க்கும் கோணத்தில். இதைச் சிறு கண்ணாடித் துண்டுகளாகப் பதித்து மொசைக் ஆக்கியது லெனின்கிராடில் விளாதிமிர் ஃப்ரோலோவின் பட்டறை. அதே பட்டறைதான் ஜார் காலத்தில் அந்த நகரத்தின் பெரிய தேவாலயத்துக்கு ஏசுவையும் புனிதர்களையும் பதித்தது. கை அதே கை, கண்ணாடி அதே கண்ணாடி, சாமி மட்டும் மாறிவிட்டது. ஜெர்மன் முற்றுகையில் நகரம் பட்டினி கிடந்தபோதும் ஃப்ரோலோவ் இன்னொரு நிலையத்துக்கான மொசைக்கை முடித்துக்கொண்டிருந்தார். 1942இல் இறந்தார், வேலை மாஸ்கோ போய்ச் சேர்ந்தது. இப்போது நோவோகுஸ்னெத்ஸ்கயா நிலையத்தில் நிமிர்ந்து பார்த்தால் தெரியும்.

நம்மூர்க்காரர்களுக்கு இந்தக் கலை எந்த வழியாக வந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் போஸ்டரை விட அது சுவாரஸ்யம். பெத்ரோகிராடில் (பின்னாளில் லெனின்கிராட்) ரோஸ்டா ஜன்னல் போஸ்டர்களைச் செய்தவர்களில் முக்கியமானவர் விளாதிமிர் லெபதேவ். போர் முடிந்ததும் அவர் அதே ஸ்டென்சில் மூளையைக் குழந்தைப் புத்தகத்துக்குக் கொண்டுபோனார். கவிஞர் மார்ஷாக் பாட்டு எழுத, இவர் படம் போட, சர்க்கஸ், ஐஸ்கிரீம் என்று 1925ஐ ஒட்டி வந்த மெல்லிய புத்தகங்கள்: வெள்ளைப் பின்னணி, அழுத்தமான வண்ணத்தில் வெட்டி வைத்தாற்போல உருவங்கள், பக்கத்தில் பாதி சும்மாவே கிடக்கும். உலகக் குழந்தைப் புத்தக ஓவியத்தில் அது ஒரு பெரிய திருப்பம். 1936 மார்ச்சில் 'பிராவ்தா' நாளிதழ் அவரைப் போன்றவர்களைக் கிறுக்கித் தள்ளுபவர்கள் என்று தாக்கிக் கட்டுரை போட்டது. அதற்குப் பிறகு லெபதேவ் வரைந்தவை அழகாக இருக்கும், பஞ்சு மாதிரி மென்மையாக இருக்கும், ஆனால் அந்தத் துணிச்சல் இருக்காது. இருந்தாலும் குழந்தைப் புத்தகம்தான் மிச்சமிருந்த ஓட்டை. பெரியவர்களுக்கான ஓவியத்தில் இடமில்லாத எத்தனையோ பேர் சோவியத் யூனியன் முடியும்வரை அதில் பிழைத்தார்கள், நன்றாகவும் செய்தார்கள்.

அந்த வரிசையில் பின்னால் வந்த புத்தகங்கள்தான் மாஸ்கோவிலேயே தமிழில் அச்சாகி, முன்னேற்றப் பதிப்பகம், ராதுகா பதிப்பகம் என்ற பெயரோடு, நியூ செஞ்சுரி புக் ஹவுஸ் வழியாக இங்கே வந்தன. ரா. கிருஷ்ணையா, பூ. சோமசுந்தரம் போன்றவர்கள் மாஸ்கோவில் இருந்துகொண்டே மொழிபெயர்த்தார்கள். கெட்டி அட்டை, தடித்த காகிதம், பல வண்ணம், விலையோ சும்மா கொடுத்தது போல. நம் அச்சகங்கள் அந்த விலைக்கு அந்தத் தரத்தை யோசித்துக்கூடப் பார்க்க முடியாது, செலவை அங்கே அரசு சுமந்தது. 'சோவியத் நாடு' இதழின் வழவழப்பான தாளைப் பள்ளி நோட்டுக்கு அட்டை போட்ட தலைமுறைக்கு, டிராக்டரும் அணைக்கட்டும் விண்வெளி வீரரும் கணக்கு நோட்டின் முதுகில்தான் அறிமுகம். பிரச்சாரம் என்று அனுப்பினார்கள். இங்கே பலருக்கும் மனதில் நின்றது கரடியும் பனியும் மரவீடும்.

மறுபடி காலவரிசைக்கு வருவோம். ஸ்டாலின் போனபிறகு 1955 நவம்பரில் குருஷ்சேவ் ஆட்சி இன்னோர் ஆணை போட்டது, கட்டடக் கலையில் 'மிகைகளை' ஒழிப்பது பற்றி. தூண், கோபுரம், பூ வேலை எல்லாம் வேண்டாம், வீடு வேண்டும், வேகமாக வேண்டும். ஐந்து மாடி, லிஃப்ட் கிடையாது, தொழிற்சாலையில் வார்த்த கான்கிரீட் பலகைகளைக் கொண்டுவந்து அடுக்கினால் கட்டடம். பலர் சொல்லும் 'சாம்பல் நிறச் சோவியத்' இதுதான். கூட்டுக் குடியிருப்பில் நாலைந்து குடும்பம் ஒரே சமையலறையைப் பங்கிட்டவர்களுக்குத் தனிக் கதவும் தனிக் குழாயும் கிடைத்தது, அவர்கள் சாம்பல் நிறத்தைப் பற்றிக் கவலைப்பட்டிருக்க மாட்டார்கள் என்றே நினைக்கிறேன். ஆனால் கட்டடத்தின் பக்கவாட்டில் ஜன்னல் இல்லாத பெரிய வெற்றுச் சுவர் மிச்சமானது. கலைஞர் சங்கங்களில் ஆயிரக்கணக்கானவர்கள் வேலை கேட்டு நின்றார்கள், மொசைக் பதிக்கத் தெரிந்தவர்கள் இருந்தார்கள். விளைவாக உக்ரைனிலிருந்து மத்திய ஆசியா வரை அந்தச் சுவர்கள் நிரம்பின.

இதில் தாஷ்கண்டைத் தனியாகச் சொல்ல வேண்டும். 1966 ஏப்ரல் நிலநடுக்கத்தில் நகரத்தின் பெரும்பகுதி போனது, எல்லாக் குடியரசுகளிலிருந்தும் ஆட்கள் வந்து திரும்பக் கட்டினார்கள். ஷார்ஸ்கி என்ற சகோதரர்கள் அங்கே கான்கிரீட் பலகைக் குடியிருப்புகளுக்குச் செய்த மொசைக்குகள் நூற்றுக்கணக்கான ஜன்னல்களுக்கு நடுவே உஸ்பெக் பாரம்பரியக் கோலங்களையும், மாதுளையையும், விண்வெளியையும் ஏற்றி வைத்தன. வெயிலுக்காகக் கட்டடங்களின் முகப்பில் பஞ்சரா என்ற பின்னல் தடுப்புகள் வைத்தார்கள். பழைய மரச் சன்னல் வேலையைக் கான்கிரீட்டில் போட்டது அது. மாஸ்கோவில் வரைந்த அதே கட்டடம்தான், அந்தத் தடுப்பு வந்ததும் வேறு ஊர்க் கட்டடமாகிவிட்டது.

பேருந்து நிறுத்தங்களின் புகைப்படங்களையும் பார்த்திருப்பீர்கள், அலை போல, மீன் போல, தொப்பி போல நடுக்காட்டில் நிற்கும் கான்கிரீட் விசித்திரங்கள். அப்காசியாவில் கடலோரம் இருப்பவற்றைச் செய்தது இளவயது சுராப் செரெதெலி. காரணம் சின்னதுதான்: பேருந்து நிறுத்தம் என்பது சின்ன வேலை, குறைந்த பணம், மாஸ்கோவிலிருந்து யாரும் வந்து எட்டிப் பார்க்க மாட்டார்கள். பெரிய சிலை என்றால் இருபது கையெழுத்து வேண்டும். அதே செரெதெலிக்குப் பின்னாளில் பெரிய பணமும் பெரிய ஆட்களும் கிடைத்து, 1997இல் மாஸ்கோ ஆற்றில் 98 மீட்டர் உயரத்துக்கு மகா பீட்டர் சிலையை நிறுத்தினார். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள், நான் மேற்கொண்டு எதுவும் சொல்லவில்லை.

இனி போலந்து. என் மூன்று கேள்விகளில் கடைசிக் கேள்விக்கு, அதாவது விற்க வேண்டியிருந்ததா என்பதற்கு, இதைவிட நல்ல பதில் கிடையாது. போர் முடிந்ததும் சினிமா முழுக்க அரசு கையில். ஹென்ரிக் தொமஷெவ்ஸ்கி போன்ற ஓவியர்களைக் கூப்பிட்டுப் படத்துக்குப் போஸ்டர் வரையச் சொன்னபோது, எங்கள் இஷ்டப்படி விட்டால் வருகிறோம் என்று அவர்கள் நிபந்தனை போட்டே வந்தார்கள். 1948இல் வியன்னாவில் நடந்த சர்வதேசப் போஸ்டர் கண்காட்சியில் தொமஷெவ்ஸ்கி ஐந்து முதல் பரிசுகளை அள்ளினார். நடுவில் சில வருடம் சோசலிச யதார்த்தவாதம் அங்கேயும் இறங்கியது, 1956க்குப் பிறகு தளர்ந்தது. அதன் பின் வந்த இருபது வருடப் போலந்து சினிமா போஸ்டர்களைப் பார்த்தால் அந்தப் படத்தின் நாயகன் முகமே இருக்காது. ஹிட்ச்காக்கின் 'பறவைகள்' படத்துக்கு 1965இல் ப்ரோனிஸ்வாவ் ஸெலெக் போட்டதில் ஒரு மண்டையோடு, அதைச் சூழ்ந்து பறவை என்ற போலிஷ் சொல்லே திரும்பத் திரும்ப அச்சாகிச் சிறகடிக்கிறது. 'கபரே' படத்துக்கு விக்தர் குர்கா 1973இல் காலுறை போட்ட பெண்களின் கால்களையே சுழற்றி நாஜி ஸ்வஸ்திகாவாக்கினார். ஹாலிவுட்டில் எந்தத் தயாரிப்பாளராவது இதற்குச் சம்மதிப்பாரா?

இங்கே சம்மதிக்கக் காரணம், டிக்கெட் எப்படியும் விற்றுவிடும். வேறு படம் கிடையாது, வேறு பொழுதுபோக்கு கிடையாது, நட்சத்திரத்தின் முகம் எவ்வளவு பெரிதாக இருக்க வேண்டும் என்று ஒப்பந்தம் போட்ட ஏஜெண்டும் கிடையாது. வரைபவருக்கு அரசு நிர்ணயித்த கூலி, பார்ப்பவருக்குச் சாம்பல் சுவரில் ஒரு ஓவியம். நல்ல எழுத்துருக்கள் பஞ்சம் என்பதால் தலைப்பைக் கையாலேயே எழுதினார்கள், அது அப்படியே அந்தப் பள்ளியின் அடையாளமாகிவிட்டது. தணிக்கை இல்லாமலா? இருந்தது, வார்சாவில் மிசியா தெருவில் அதற்கென்று ஒரு அலுவலகமே இருந்தது. ஆனால் தணிக்கைக்காரர்கள் சொல்லில் பொறுக்குவார்கள், உருவகத்தைப் பிடிப்பது அவர்களுக்குக் கஷ்டம். அதனால் ஓவியர்களும் பார்வையாளர்களும் படத்துக்குள் படம் ஒளித்து விளையாடப் பழகிப் போனார்கள். 1966இல் வார்சாவில் போஸ்டர் பினாலே (இரண்டாண்டுக்கு ஒருமுறை நடக்கும் கண்காட்சி), 1968இல் விலனூவில் போஸ்டருக்கென்றே அருங்காட்சியகம்.

பழகிய அந்தக் கண்ணை அந்த ஆட்சியே பிறகு எதிரில் சந்தித்தது. 1980 ஆகஸ்டில் க்டான்ஸ்க் கப்பல் தளத்தில் வேலைநிறுத்தம் நடந்தபோது ஜெர்சி யானிஷெவ்ஸ்கி என்ற இளைஞர் 'சாலிடாரிட்டி' தொழிற்சங்கத்துக்கு எழுத்துச் சின்னம் வரைந்தார், சிவப்பு எழுத்துகள் ஒன்றையொன்று இடித்துக்கொண்டு ஊர்வலத்தில் போகும் ஆட்களைப் போல நிற்கும், ஒரு எழுத்தின் தோளில் கொடி. சிவப்பு கட்சியின் நிறம், அதை எடுத்துக் கட்சிக்கு எதிராகவே. 1989 தேர்தலுக்குத் தோமாஷ் சர்னெட்ஸ்கி செய்த போஸ்டரில் பழைய கௌபாய் படத்தின் கேரி கூப்பர் நடந்து வருகிறார், கையில் துப்பாக்கிக்குப் பதில் ஓட்டுச் சீட்டு, நெஞ்சில் சாலிடாரிட்டி பேட்ஜ். தேர்தலில் ஆளும் தரப்பு படுதோல்வி. சந்தை வந்தது, வெளிநாட்டு விநியோகஸ்தர்கள் தங்கள் போஸ்டரோடு வந்தார்கள், நாயகன் முகம் பெரிதாகத் திரும்பி வந்தது, அந்தச் சினிமா போஸ்டர் ஓவியர்களுக்குப் பெரும்பாலும் வேலை போனது.

கியூபா எனக்குத் தொழில் முறையில் இன்னும் நெருக்கம். 1959 மார்ச்சில், புரட்சி வந்து மூன்றே மாதத்தில், இக்காயிக் என்ற சினிமா நிறுவனம் தொடங்கினார்கள். போஸ்டர் எல்லாம் ஸ்கிரீன் பிரிண்டிங், ஏறத்தாழ 51க்கு 76 சென்டிமீட்டர், கையால் ஸ்டென்சில் வெட்டி, கையால் ஸ்குவீஜி (மையைத் தள்ளும் ரப்பர் பட்டை) இழுத்தது. அமெரிக்கத் தடையால் மை இல்லை, காகிதம் இல்லை, இருக்கும் வண்ணத்தில் வேலை முடியணும். ஸ்கிரீனில் மை தடித்துத் தட்டையாக விழும், ஓரம் கத்தியால் வெட்டினாற்போல நிற்கும், அதையே பலமாக்கிக் கொண்டார்கள். ரெனே அஸ்குய் 1970இல் ஒரு பிரெஞ்சுக் காதல் படத்துக்குப் போட்டது கருப்பு வெள்ளையில் ஒரு முகம், உதடு மட்டும் சிவப்பு, அவ்வளவே. எதுவார்தோ முன்யோஸ் பாக்ஸ், முறையாக ஓவியம் படிக்காதவர், 1968இல் ஒரு குறும்படத்துக்குப் போஸ்டர் செய்தார். லாரியில் புரொஜெக்டர் ஏற்றிக்கொண்டு போய், சினிமாவே பார்த்திராத மலைக் கிராமத்தில் சாப்ளின் படத்தைத் திரையிடுவதைப் பற்றிய படம் அது. போஸ்டரிலும் சாப்ளின்தான், குழந்தை வரைந்தது போன்ற கோட்டில், வண்ணத்துக்குக் கொஞ்சமும் கஞ்சத்தனம் இல்லாமல். இதில் எங்கே முஷ்டி?

முஷ்டி இன்னொரு கட்டடத்தில் இருந்தது. 1966இல் ஹவானாவில் தொடங்கிய ஓஸ்பால் என்ற, ஆசியா, ஆப்பிரிக்கா, லத்தீன் அமெரிக்கா ஆகிய மூன்று கண்ட ஒருமைப்பாட்டு அமைப்பு தன் இதழுக்குள் போஸ்டரை மடித்து வைத்து உலகம் முழுக்கத் தபாலில் அனுப்பியது. வியட்நாம், அங்கோலா, பாலஸ்தீனம் என்று ஒவ்வொன்றுக்கும் ஒன்று. ஒரே போஸ்டரில் ஸ்பானிஷ், ஆங்கிலம், பிரெஞ்சு, அரபி நான்கும் இருக்கும், அதனால் வாசகம் சின்னது, படமே பேச வேண்டிய கட்டாயம். மடிப்புக் கோடு விழும் என்று தெரிந்துதான் வரைந்தார்கள். 1968இல் ஹெலெனா செர்ரானோ செய்த சே போஸ்டரில் அவர் முகம் விரிந்து விரிந்து தென் அமெரிக்க வரைபடமாகவே ஆகிவிடும். அந்த முகத்தின் மூலப் புகைப்படம் 1960 மார்ச் 5 அன்று ஒரு இரங்கல் கூட்டத்தில் கோர்தா எடுத்தது, அவர் அதற்கு முன் ஃபேஷன் புகைப்படக்காரர். நம்மூர் டி-சர்ட்டில் இருப்பதும் அதே முகம்தான்.

யூகோஸ்லாவியாவைப் பற்றிச் சுருக்கமாக. டிட்டோ 1948இல் ஸ்டாலினோடு முறித்துக்கொண்டதால் மாஸ்கோ பாணி அங்கே சீக்கிரமே செல்லாக்காசு. போர் நினைவுச் சின்னங்களை வேற்றுக்கிரகச் சாமான் போலக் காட்டுகிற புகைப்படத் தொகுப்புகள் எனக்குப் பிடிப்பதில்லை, ஏனென்றால் அந்த இடங்களில் கொல்லப்பட்டவர்களும் கொன்றவர்களும் பெரும்பாலும் ஒரே நாட்டுக்காரர்கள். யாசெனோவாட்ஸ் வதைமுகாம் இருந்த இடத்தில் போக்தான் போக்தானோவிச் என்ற கட்டடக் கலைஞர் 1966இல் நட்சத்திரமோ வீரன் சிலையோ வைக்காமல் கான்கிரீட்டில் ஒரு பூவை நிறுத்தினார். வீரன் சிலை வைத்தால் எந்த இனத்து வீரன் என்ற கேள்வி வந்திருக்கும்.

இப்போது உங்கள் இரண்டாவது பாதி. பிடிக்காதவர்களும் ஏன் ரசிக்கிறார்கள்? ஒன்று, நல்லதுதான் மிச்சமிருக்கிறது. அந்த நாடுகளில் வருடா வருடம் வந்த லட்சக்கணக்கான சப்பைப் போஸ்டர்கள், பாதுகாப்புத் தொப்பி அணிக, பால் உற்பத்தியைப் பெருக்குக, எல்லாம் குப்பைக்குப் போய்விட்டன. இரண்டு, நமக்கு வாசகம் படிக்கத் தெரியாது, அது பெரிய வசதி. க்ளூட்சிஸின் சில போஸ்டர்களில் இருக்கும் புள்ளிவிவரம் எந்தப் பஞ்சத்தின் மேல் நின்றது என்று படித்தால் சட்டமிட்டுச் சுவரில் மாட்டத் தோன்றாது. மூன்று, இன்றைய டிசைனர் காலை முதல் மாலை வரை வாடிக்கையாளருக்கு லோகோவைப் பெரிதாக்கிக் கொண்டிருப்பவர். நாயகன் முகமே இல்லாத போஸ்டரை ஒருவர் வரைந்து அதற்குச் சம்பளமும் வாங்கினார் என்பதே அவருக்குப் பொறாமைதான். எனக்கும்தான். அந்தச் சுதந்திரம் எந்தக் கதவு மூடியதால் கிடைத்தது என்பதையும் சேர்த்துப் பார்த்தால் பொறாமை கொஞ்சம் குறையும்.

இந்தப் பாணியில் ஏதாவது செய்யப் போகிறீர்கள் என்றால் சில விஷயம். ரஷ்ய எழுத்தை ஆங்கில எழுத்து மாதிரி திருப்பிப் போடாதீர்கள், அதைப் படிக்கத் தெரிந்தவருக்கு அது வெறும் உளறல். சிவப்பையும் 45 பாகைச் சாய்வையும் மட்டும் எடுத்துக்கொண்டு அதற்குள் பத்து வகை நிழலும் க்ரேடியண்டும் போட்டால் எடுபடாது. இரண்டே வண்ணம், ஒரு ஸ்டென்சிலில் எதை வெட்ட முடியுமோ அது மட்டும் என்று உங்களைக் கட்டிப்போட்டுக்கொண்டு வரையுங்கள், பாணி தானாக வரும். அப்புறம் கியூபா போஸ்டர் வாங்குகிற ஆசை இருந்தால், ஆன்லைனில் மலிவாகக் கிடைப்பவை பெரும்பாலும் டிஜிட்டல் பிரதி. லென்ஸ் வைத்துப் பாருங்கள், சின்னச் சின்னப் புள்ளியாகத் தெரிந்தால் அது. ஸ்கிரீனில் இழுத்தது என்றால் வண்ணம் முழுதாகப் படிந்திருக்கும், விரலால் தடவினால் மை தடிப்பது தெரியும், இரண்டு வண்ணம் சேரும் இடத்தில் ஒரு நூல் அளவு ஏறியோ விலகியோ இருக்கும்.